கால் தெரிகிற மாதிரி போடுங்கள்

ஆபரேட்டர் அறையிலிருந்து: வாசகர் கேள்வி – பதில்

போன இதழில் ஒரு பதிலுக்கு நடுவே, கோடை விடுமுறையில் எங்கள் வீட்டு மொட்டை மாடியில் தெருப் பிள்ளைகளுக்கு ஊமைப்படம் போட்டுக் காட்டுவதைப் பற்றி நாலு வரி எழுதியிருந்தேன். இந்த மாதம் வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் அதைப் பற்றித்தான். அதனால் இந்த முறை முழுக்க அந்தக் காலத்து ஊமை நகைச்சுவைக் குறும்படங்களே. புதிதாகப் படிக்கிறவர்களுக்கு: நான் கடலூர் திருப்பாதிரிப்புலியூர்க்காரன். டூரிங் டாக்கீஸில் ரீல் சுற்றும் பையனாகச் சேர்ந்து, பிறகு கடலூரிலும் புதுச்சேரியிலும் 34 வருடம் தியேட்டர் ஆபரேட்டராக இருந்தேன்.

கேள்வி: ஒருவன் தடுக்கி விழுகிறான், முகத்தில் அடி வாங்குகிறான். இதற்கெல்லாம் நாம் ஏன் சிரிக்கிறோம்? (பள்ளி ஆசிரியை, நெல்லிக்குப்பம்)

ஓட்டை வழியாகப் பார்த்ததைச் சொல்கிறேன் அம்மா. ஆபரேட்டர் அறைச் சுவரில் மெஷினுக்கு ஒரு ஓட்டை, எங்களுக்கு ஒரு ஓட்டை இருக்கும். படம் எங்களுக்கு மூன்றாம் நாளே மனப்பாடமாகிவிடும். அப்புறம் திரையை விட்டுவிட்டு, கீழே உட்கார்ந்திருக்கிற தலைகளைத்தான் பார்த்துக்கொண்டிருப்போம். ஒருவன் விழுகிற காட்சியில் சிரிப்பு எப்போது கிளம்புகிறது என்று கவனித்திருக்கிறேன். விழும்போது இல்லை. அதற்கு ஒரு நொடி முன்னாலேயே பெஞ்சில் யாராவது ஒருவர் "போச்சுடா" என்பார். அங்கே ஆரம்பித்துப் பின்வரிசை வரைக்கும் சிரிப்பு ஓடும். அவன் விழும்போது பாதிப் பேர் சிரித்து முடித்திருப்பார்கள்.

அவன் விழப்போவது நமக்குத் தெரிந்துவிட்டது, அவனுக்குத் தெரியவில்லை. அந்த ஒரு நொடிக்குத்தான் இத்தனை பாடும்.

சினிமா பிறந்த அன்றைக்கே இது இருந்தது. 1895 டிசம்பர் 28 அன்று பாரிஸில் ஒரு காபிக் கடையின் கீழ்த்தளத்தில் லூமியேர் சகோதரர்கள் டிக்கெட் போட்டுப் பத்துப் படம் காட்டினார்கள். ஒவ்வொன்றும் ஒரு நிமிடம்கூட வராது. அதில் ஒன்றில் தோட்டக்காரர் ஒருவர் ரப்பர் குழாயைப் பிடித்துச் செடிகளுக்குத் தண்ணீர் அடித்துக்கொண்டிருக்கிறார். பின்னால் ஒரு பையன் மெதுவாக வந்து குழாயை மிதிக்கிறான். தண்ணீர் நின்றுவிடுகிறது. தோட்டக்காரர் என்ன ஆயிற்று என்று குழாய் வாயை முகத்துக்கு நேராகத் திருப்பிப் பார்க்கிறார். பையன் காலை எடுக்கிறான். தொப்பி பறந்துபோகிறது, முகமெல்லாம் தண்ணீர். அப்புறம் பையன் மாட்டிக்கொண்டு முதுகில் வாங்குகிறான். கதை அவ்வளவுதான். அந்தப் பையனின் காலும் தோட்டக்காரரின் முகமும் ஒரே சட்டத்துக்குள் தெரிகின்றன பாருங்கள், அதுதான் முக்கியம். காலைத் தனியாகவும் முகத்தைத் தனியாகவும் காட்டியிருந்தால் நமக்குச் செய்திதான் கிடைத்திருக்கும்.

புதுச்சேரியில் பிரெஞ்சு படித்த பெரியவர்கள் யாராவது இருந்தால் 'லாரோசர் அரோசே' என்று சொல்லிப் பாருங்கள். தண்ணீர் ஊற்றியவனே நனைந்தான் என்று அர்த்தம். அந்தப் படத்தின் பெயர் அது. இன்றைக்கும் பிரெஞ்சுப் பேச்சில் பழமொழியாகப் புழங்குகிறது. தன் வினை தன்னைச் சுடும் என்று நாம் சொல்கிற இடத்தில் அவர்கள் அதைச் சொல்வார்கள்.

இது ஒரு வகைச் சிரிப்பு. இன்னொரு வகை, நமக்கு எல்லாம் தெரியும் என்று நாம் நினைத்துக்கொண்டிருக்கும்போது காலை வாரிவிடுவது. அதற்கு அமெரிக்க ஊமைப்பட நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டன் 1920-ல் எடுத்த 'ஒன் வீக்' என்ற படத்தைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியாது. புதிதாகக் கல்யாணமான ஜோடிக்கு ஒரு வீடே பரிசாக வருகிறது, பெட்டி பெட்டியாக. பெட்டியில் இருக்கும் எண் வரிசைப்படி பொருத்தினால் வீடு தயார். அந்தப் பெண்ணைக் கட்ட ஆசைப்பட்டு ஏமாந்த ஒருவன் எண்களை மாற்றி எழுதிவிட்டுப் போய்விடுகிறான். கீட்டன் மாற்றி எழுதிய எண்படியே உண்மையாக உழைத்துக் கட்டுகிறார். வீடு கோணிக்கொண்டு நிற்கிறது. புயல் வருகிறது. வீடு ராட்டினம் மாதிரி சுற்றுகிறது. நிஜமாகவே சுழலும் மேடைமேல் ஒரு வீட்டைக் கட்டிச் சுற்றவிட்டார்கள். 2011 டிசம்பரில் தானே புயலில் கூரை பறிகொடுத்தவர்கள் எங்கள் தெருவில் இருக்கிறார்கள். அதனால் இந்தப் படத்தை மாடியில் போட முதலில் எனக்குத் தயக்கமாக இருந்தது. அன்றைக்கு வந்திருந்தவர்களில் அதிகம் சிரித்தது அவர்கள்தான். பாதிப் படத்தில் ஒரு அம்மா, "எங்க ஓடும் இப்படித்தான் போச்சு" என்று சத்தமாகச் சொன்னார்.

கடைசியில் வீட்டை வேறு மனைக்கு இழுத்துக்கொண்டு போகும்போது தண்டவாளத்தில் மாட்டிக்கொள்கிறது. தூரத்தில் ரயில். எவ்வளவு தள்ளியும் வீடு நகரவில்லை. இருவரும் ஓரமாக நின்று கண்ணைப் பொத்திக்கொள்கிறார்கள். ரயில் பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடுகிறது. மாடியில் உட்கார்ந்திருந்தவர்கள் எல்லாரும் அப்பாடா என்று மூச்சு விட்டார்கள். அப்போதுதான் எதிர்ப்பக்கத்திலிருந்து இன்னொரு ரயில் வந்து வீட்டைத் தவிடுபொடியாக்கிவிட்டுப் போனது. எங்கள் ஊர் லாரன்ஸ் ரோடு ரயில்வே கேட்டில் நின்று பழகியவர்களுக்கு இதை விளக்கவே வேண்டாம். ஒரு வண்டி போயிற்று, கேட் தூக்குவார்கள் என்று ஸ்கூட்டரை உதைத்து ஸ்டார்ட் செய்வோம். எதிர்த்திசையிலிருந்து கிராஸிங் வண்டி வரும்.

கேள்வி: யூடியூபில் பழைய ஊமைப்படங்கள் பார்த்தேன். எல்லாரும் சாவி கொடுத்த பொம்மை மாதிரி விறுவிறுவென்று நடக்கிறார்கள். அந்தக் காலத்து கேமரா அப்படித்தானா? (கல்லூரி மாணவர், லாஸ்பேட்டை)

தம்பி, இது என் தொழில் சம்பந்தப்பட்ட கேள்வி. கொஞ்சம் நீட்டித்தான் சொல்வேன்.

அந்தக் காலத்தில் கேமராவைக் கையால் சுற்றினார்கள். சுமாராக நொடிக்கு 16 படம் (ஃபிலிமில் இருக்கிற ஒவ்வொரு கட்டத்தையும் ஒரு படம் என்போம்), சில சமயம் 18, 20 என்று போகும். பேசும் படம் வந்த பிறகு, சத்தம் இழுபடக்கூடாது என்பதற்காக நொடிக்கு 24 என்று ஒரே வேகமாக நிலைத்துவிட்டது. 16-ல் எடுத்ததை 24-ல் ஓட்டினால் மனிதன் ஒன்றரை மடங்கு வேகத்தில் நடப்பான். 35 எம்.எம். ஃபிலிமில் ஓர் அடிக்கு 16 படம். ஆயிரம் அடி ரீலில் 16,000 படம். அதை 16-ல் ஓட்டினால் பதினாறரை நிமிடம் வரும், 24-ல் ஓட்டினால் பதினோரு நிமிடத்தில் முடிந்துவிடும். 'டூ ரீலர்' என்று அந்தக் குறும்படங்களைச் சொல்வது இப்படி இரண்டு ரீல் இருப்பதால்தான். அவசரத்தில் ஓட்டினால் பத்து நிமிடம் காணாமல் போகும்.

எல்லா வேகமும் பிழை என்றும் சொல்லிவிட முடியாது. மாக் சென்னட் என்ற தயாரிப்பாளர் 1912-ல் அமெரிக்காவில் ஆரம்பித்த கீஸ்டோன் படக் கம்பெனியின் போலீஸ்காரர்கள் கும்பலாக ஓடுவார்களே, அதற்குக் கேமராவை வேண்டுமென்றே மெதுவாகச் சுற்றினார்கள், திரையில் வேகமாகத் தெரியட்டும் என்று. என் கை அனுபவத்தில் ஒரு அளவு வைத்திருக்கிறேன். நடக்கும்போது மனிதன் மாதிரி தெரிய வேண்டும், ஓடும்போது கொஞ்சம் மிகையாகத் தெரியலாம். நடையே பொம்மை மாதிரி இருந்தால் வேகம் தப்பு.

தியேட்டரில் வேகத்தை மாற்ற எங்களால் முடியாது. ஆனால் 16 எம்.எம். மெஷின்கள் சிலவற்றில் 'சைலன்ட்', 'சவுண்ட்' என்று ஒரு சுவிட்ச் இருக்கும். அதில் 400 அடி ரீல் போட்டால் 35-ல் ஆயிரம் அடிக்குச் சமம். ஒரு முறை புதுச்சேரியில் ஒரு பள்ளிக்கூட ஹாலில் சாப்ளின் படம் போட என்னைக் கூப்பிட்டிருந்தார்கள். எனக்கு முன்னால் செய்திப்படம் ஓட்டியவர் சுவிட்சை 'சவுண்ட்' பக்கம் விட்டிருந்தார், நானும் பார்க்காமல் ஓட்டிவிட்டேன். பிள்ளைகள் சிரித்தார்கள், ஆனால் மூன்று நிமிடத்தில் அடங்கிவிட்டது. வேகம் பழகிவிட்டால் வேகத்தில் என்ன வேடிக்கை இருக்கிறது? கவனித்துச் சுவிட்சைத் தள்ளினேன். மெஷின் சத்தமே 'டகடக'விலிருந்து 'டக் டக்' என்று இறங்கியது. அதற்குப் பிறகு சாப்ளின் கைத்தடியைச் சுழற்றுவதற்கு முன்னால் ஒரு கணம் யோசிப்பது தெரிந்தது, மூலையில் திரும்பும்போது ஒற்றைக் காலில் நொண்டி நிற்பது தெரிந்தது. சிரிப்பு வேறு மாதிரி வந்தது. அடங்கவே இல்லை.

இன்னொன்றையும் பார்த்துக்கொள்ளுங்கள். வீட்டு டிவியில் இந்தப் படங்களைப் போட்டால், அகலத் திரையை நிரப்புகிறேன் என்று மேலேயும் கீழேயும் வெட்டிவிடும். தலை போகும், கால் போகும். எங்கள் காலத்தில் ஃபிரேம் கொஞ்சம் நழுவினாலே "ஆபரேட்டர்! தலை தெரியல!" என்று தியேட்டரே கத்தும். இந்தப் படங்களுக்கு நான் சொல்வது, தலைகூடக் கொஞ்சம் போகட்டும், கால் தெரிய வேண்டும். சாப்ளினுக்கும் கீட்டனுக்கும் பாதி நடிப்பு முழங்காலுக்குக் கீழேதான். ரிமோட்டில் படத்தின் அளவை 4:3 என்று வையுங்கள். இரண்டு பக்கமும் கறுப்புப் பட்டை வரும், வரட்டும்.

கேள்வி: 'ஸ்லாப்ஸ்டிக்' என்றால் என்ன அர்த்தம்? (வாசகர், அரியாங்குப்பம்)

அது ஒரு கட்டை. பழைய இத்தாலிய நாடகங்களில் கோமாளி கையில் வைத்திருப்பான். இரண்டு மெல்லிய பட்டைகளைப் பிடியில் சேர்த்துக் கட்டியிருக்கும். லேசாகத் தட்டினாலே பட்டைகள் ஒன்றோடொன்று மோதிப் 'பட்டீர்' என்று சத்தம் வரும், அடி விழாது. சத்தம் பெரிது, வலி சிறிது. அந்தப் பெயரே இந்த வகை நகைச்சுவைக்கு ஆகிவிட்டது.

நம் பக்கத்தில் திரௌபதி அம்மன் கோயில் கூத்து பார்த்தவர்களுக்கு இது அந்நியமான விஷயமே இல்லை. கட்டியங்காரன் துள்ளி விழுகிற நேரத்துக்குச் சரியாக மத்தளக்காரர் ஓர் அடி போடுவார். அந்த அடி ஒரு இம்மி பிந்தினால் விழுந்தது வீண். போன கோடையில் கூத்துக்கு வாசிக்கிற ஒருவரை மாடிக்கு அழைத்து, சாப்ளினின் 'ஒன் ஏ.எம்.' படத்துக்கு வாசிக்கச் சொன்னேன். 1916-ல் வந்தது. குடித்துவிட்டு நள்ளிரவில் வீடு திரும்பிய ஒருவன், மாடிப்படியோடும் சுவரிலிருந்து மடங்கி இறங்கும் கட்டிலோடும் போராடுகிறான். ஆரம்பத்தில் வருகிற டாக்ஸிக்காரரை விட்டால் படம் முழுக்க அவன் ஒருவன்தான். வாசித்தவர் அந்தப் படத்தை அதற்கு முன் பார்த்ததே இல்லை. இருந்தும் ஒவ்வொரு விழுதலையும் கையில் பிடித்துவிட்டார். எப்படி என்று கேட்டேன். "தோள் சொல்லிடுதுங்க, விழறதுக்கு முன்னாடி" என்றார்.

கேள்வி: எங்கள் கொள்ளுத்தாத்தா பிரெஞ்சு ராணுவத்தில் சைகோனில் இருந்தவர். 'மாக்ஸ்' என்று ஒருவர் படம் பார்த்ததைப் பற்றிச் சொல்லிச் சொல்லிச் சிரிப்பாராம். சாப்ளினைத்தான் பெயர் மாற்றிச் சொன்னாரா? (வாசகி, புதுச்சேரி)

இல்லை அம்மா, அவர் சரியாகத்தான் சொல்லியிருக்கிறார். அது மாக்ஸ் லாந்தேர். சாப்ளினுக்கு முந்தியவர். 1883-ல் பிரான்சில் போர்தோ பக்கம் பிறந்து, 1905 வாக்கில் பாத்தே கம்பெனியில் நடிக்க வந்து, 1910-க்குள் உலகம் முழுக்கத் தெரிந்த முகமாகிவிட்டார். பட்டுத் தொப்பி, மடிப்புக் கலையாத கோட்டு, சின்ன மீசை, கைத்தடி. சாப்ளின் கந்தல், மாக்ஸ் சீமான். சீமானாகவே இருந்துகொண்டு சங்கடத்தில் மாட்டுவார், மாட்டிய பிறகும் தொப்பியைச் சரிசெய்துகொள்வார்.

1911-ல் வந்த ஒரு படம் என் மனதுக்கு மிகவும் பிடித்தது. டாக்டர் சொன்னார் என்று மாக்ஸ் மருந்துச் சரக்கு கலந்த ஒயினைப் பெரிய கிளாஸில் குடித்துவிட்டுப் போதை தலைக்கேறி, போகிற இடத்திலெல்லாம் பெரிய மனிதர்களோடு சண்டை. ஒவ்வொருவரும் சண்டைக்குச் சவாலாகத் தங்கள் முகவரி அட்டையைக் கொடுக்கிறார்கள். பிறகு போலீஸ்காரர்கள் மாக்ஸின் சட்டைப் பையில் இருக்கும் அட்டையைப் பார்த்து, இதுதான் இவர் வீடு என்று மரியாதையாகச் சண்டை போட்டவர் வீட்டிலேயே கொண்டுபோய் விடுகிறார்கள்!

சாப்ளின் தன் புகைப்படம் ஒன்றில் கையெழுத்திட்டு, மாக்ஸைத் தன் ஆசான் என்று எழுதிக் கொடுத்தார். குருவைக் குரு என்று சொல்ல அவர் கூச்சப்படவில்லை. மாக்ஸ் 1925-ல், 41 வயதில் இறந்துபோனார். அப்போது குழந்தையாக இருந்த மகள் மோட், வளர்ந்த பிறகு தகப்பனாரின் படங்களைத் தேடித்தேடிச் சேர்த்தார். உங்கள் கொள்ளுத்தாத்தா எந்தப் படத்தைச் சொன்னார் என்று வீட்டில் யாருக்காவது ஒரு துண்டு ஞாபகம் இருந்தாலும் எனக்கு எழுதுங்கள்.

கேள்வி: என் ஏழு வயது மகன் இந்தப் படங்களைப் பார்த்துவிட்டுச் சோபாவிலிருந்து தலைகுப்புற விழுகிறான். காட்டலாமா, நிறுத்தவா? (தாய், வில்லியனூர்)

நிறுத்த வேண்டாம். கீழே ஒரு மெத்தை போடுங்கள், அப்புறம் அவனுக்கு மூன்று பேர் கதையைச் சொல்லுங்கள். பயமுறுத்துவதற்காகச் சொல்லவில்லை. விழுவது ஒரு வித்தை, அதைக் கற்றுக்கொள்ள வருடங்கள் ஆகும் என்று அவனுக்குப் புரிய வேண்டும்.

கீட்டன் உங்கள் மகனைவிடச் சின்ன வயதிலேயே அப்பா அம்மாவோடு மேடை ஏறியவர். அப்பா அவரைத் தூக்கி எறிவதுதான் நாடகம். தூக்க வசதியாகச் சட்டையில் பெட்டிக் கைப்பிடி ஒன்றைத் தைத்திருந்தார்கள். எறிந்த பிறகு தான் சிரித்தால் ஜனங்கள் சிரிப்பதில்லை என்று அந்த வயதிலேயே கண்டுகொண்டார். கடைசிவரைக்கும் திரையில் சிரிக்காத முகம் அங்கிருந்து வந்தது. 1928-ல் ஒரு படத்தில் முழு வீட்டின் முன்சுவரும் அவர்மேல் சாய்கிறது. திறந்த ஜன்னல் இடைவெளி சரியாக அவர் நிற்கிற இடத்தில் வருவதால் பிழைக்கிறார். நிஜச் சுவர், தோளுக்கும் சட்டத்துக்கும் நடுவே சில அங்குலம்தான். அதே யோசனையை 1919-ல் ஒரு குறும்படத்தில் லேசான நாடகத் தட்டியை வைத்து முயன்றிருந்தார், 1920-ல் 'ஒன் வீக்'கில் மறுபடியும். ஒன்பது வருடம் அந்த ஒரு சுவரை மனதில் வைத்திருந்திருக்கிறார். அப்படிப்பட்டவருக்கே 1924-ல் தண்ணீர்த் தொட்டிக் குழாயிலிருந்து கொட்டிய வெள்ளம் தள்ளி, கழுத்து எலும்பு தண்டவாளத்தில் அடிபட்டது. எலும்பு முறிந்திருந்ததே வருடங்கள் கழித்துத்தான் தெரிந்தது.

இரண்டாவது ஆள் அதே காலத்து நகைச்சுவை நடிகர் ஹரோல்ட் லாயிட். 1919-ல் புகைப்படத்துக்காகக் கையில் பிடித்த பொம்மைக் குண்டு நிஜமாக வெடித்து, வலது கையில் கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் போயிற்று. 1923-ல் உயரமான கட்டடத்தில் கடிகார முள்ளைப் பிடித்துத் தொங்குகிற அந்தப் புகழ்பெற்ற காட்சியில், விரல் இல்லாததை மறைக்கும் கையுறையோடுதான் தொங்கினார்.

மூன்றாவது ஆள் உங்கள் மகன். அவன் எப்படி விழுகிறான், முதலில் எது தரையில் படுகிறது என்று அவனையே சொல்லச் சொல்லுங்கள். அவன் யோசித்துச் சொல்லும்போது வேகம் தானாகக் குறையும்.

கேள்வி: அடுத்தவர் விழுந்தால் சிரிப்பது பாவம் என்று எங்களுக்குச் சொல்லிக்கொடுத்தார்கள். நீங்கள் பிள்ளைகளுக்கு அதையே காட்டுகிறீர்கள். (ஓய்வு பெற்ற அஞ்சல் ஊழியர், பண்ருட்டி)

ஐயா, உங்களுக்குச் சொல்லிக்கொடுத்தவர்கள் சரியாகத்தான் சொல்லிக்கொடுத்தார்கள். ஒரு மழை நாளில் கடலூர் பஸ் ஸ்டாண்டில் வயதான ஒருவர் வழுக்கி விழுந்தார், மூன்று பையன்கள் சிரித்தார்கள். நான் அவர்களைக் கண்டபடி திட்டினேன். இன்றைக்கும் திட்டுவேன்.

திரையில் யார் விழுகிறார்கள் என்று பாருங்கள். சாப்ளின் இதைப் பற்றி 1918-ல் ஒரு பத்திரிகையில் கட்டுரையே எழுதியிருக்கிறார். 'தி அட்வெஞ்சரர்' படத்தில் மாடியில் சாப்ளின் தின்னும் ஐஸ்கிரீம் நழுவி, அவன் கால்சட்டைக்குள்ளேயே இறங்கி, கீழே உட்கார்ந்திருக்கும் பணக்கார அம்மாளின் முதுகில் விழும். அது ஏன் பணக்கார அம்மாளாக இருக்க வேண்டும் என்று விளக்குகிறார்: வீடு துடைக்கிற ஏழைப் பெண்மேல் விழுந்திருந்தால் ஜனங்கள் சிரித்திருக்க மாட்டார்கள், ஐயோ பாவம் என்றிருப்பார்கள். ஐஸ்கிரீமின் குளிர் முதலில் அவனுக்கு, அப்புறம்தான் அந்த அம்மாளுக்கு, இதையும் கவனியுங்கள். விறைப்பான போலீஸ்காரர், அதட்டுகிற மேஸ்திரி, பட்டுத் தொப்பிக்காரர், இவர்கள்தான் இந்தப் படங்களில் சேற்றில் விழுகிறவர்கள். நாம் யார் முன்னால் வாய் திறக்க முடியாமல் நிற்கிறோமோ அவர்கள். அப்புறம், திரையில் விழுந்தவர் எழுந்துவிடுகிறார் ஐயா. எழுந்து தூசி தட்டித் தொப்பியைப் போட்டுக்கொள்கிறார். பஸ் ஸ்டாண்டில் விழுந்தவரை நாம்தான் தூக்க வேண்டும். இந்த வித்தியாசம் எங்கள் மாடிக்கு வருகிற நாலாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு நன்றாகவே தெரிகிறது.

கேள்வி: முகத்தில் கேக் அடிக்கும் சண்டையில் அதிகக் கேக் செலவான படம் எது? (பத்தாம் வகுப்பு மாணவி, கடலூர் முதுநகர்)

ஊமைப்படங்களில் என்றால், லாரல் – ஹார்டி என்ற நகைச்சுவை ஜோடி நடித்த 'தி பேட்டில் ஆஃப் தி செஞ்சுரி', 1927. கிட்டத்தட்ட மூவாயிரம் 'பை' (pie) என்று சொல்வார்கள். கேக் மாதிரி க்ரீம் வைத்த பண்டம் அது. வெகுகாலம் அந்தச் சண்டையின் துண்டுகள்தான் கிடைத்தன. 2015-ல் ஒரு சேகரிப்பாளரிடம் இருந்த பெட்டியில் இரண்டாவது ரீல் அகப்பட்டது. பெட்டிமேல் ஒட்டிய பெயரை நம்பாமல் ரீலைப் பிரித்துப் பார்க்க வேண்டும் என்று எங்கள் தொழிலில் சொல்வதுண்டு.

கேள்வி: நம் தமிழ் சினிமாவில் இந்த வித்தை இல்லையா? (வாசகர், விழுப்புரம்)

ஏன் இல்லை? சந்திரபாபுவின் காலைப் பாருங்கள், ரப்பர்தான். நாகேஷ் ஒரு நாற்காலியில் உட்காருவதற்குள் நாலு முறை மனதை மாற்றிக்கொள்வார், நான்கும் உடம்பில் தெரியும். வடிவேலு அடி வாங்குவதற்கு முன்னால் கழுத்தை உள்ளே இழுப்பாரே, அந்த ஒரு நொடியைத்தான் முதல் பதிலில் சொன்னேன். 1987-ல் சிங்கீதம் சீனிவாசராவ் இயக்கத்தில் கமல்ஹாசன் நடித்த 'பேசும் படம்' வசனமே இல்லாமல் முழு நீளத்துக்கு ஓடியது.

வித்தைக்காரர்கள் இருந்தார்கள், இருக்கிறார்கள். எனக்கு ஆற்றாமை கேமராவும் எடிட்டிங்கும் பற்றித்தான். ஒருவர் அருமையாக விழப்போவார், அந்த நேரம் பார்த்து முகத்தைப் பெரிதாகக் காட்டுவார்கள். அப்புறம் சுற்றி நிற்பவர்கள் முகம். அப்புறம் தரையில் கிடக்கிறார். நடுவில் 'டொய்ங்' என்று ஒரு சத்தம். விழுந்தது எங்கே? பறித்துக்கொண்டார்கள். லாரல் – ஹார்டியின் 'பிக் பிசினஸ்', 1929, எடுத்துக்கொள்ளுங்கள். கிறிஸ்துமஸ் மரம் விற்கப் போன இருவரும் வாங்க மறுத்த வீட்டுக்காரரும் மோதிக்கொள்கிறார்கள். இவர்கள் அவர் வீட்டை உடைக்கும்போது அவர் ஒரு வார்த்தை பேசாமல் நின்று பார்ப்பார். பிறகு அவர் போய் இவர்கள் காரைப் பிய்ப்பார், இவர்கள் கையைக் கட்டிக்கொண்டு பார்ப்பார்கள். போலீஸ்காரர் வந்து நோட்டில் குறித்துக்கொண்டிருப்பார். முறை வைத்து அழிக்கிறார்கள்! அந்தப் பொறுமையை எந்த வெட்டும் தர முடியாது. உடைக்கிறவரும் பார்க்கிறவரும் சேர்ந்து தெரிந்தால்தான் உண்டு.

கேள்வி: அப்பாவுக்கு 83 வயது. மஞ்சக்குப்பத்தில் கடிகாரம் ரிப்பேர் கடை வைத்திருந்தவர். இரண்டு வருடமாகக் காது சுத்தமாகக் கேட்கவில்லை. டிவி பக்கமே வருவதில்லை. அவருக்கு எந்தப் படத்தைப் போடலாம்? (மகள், கடலூர்)

உங்கள் கடிதத்தை இரண்டு முறை படித்தேன் அம்மா. இந்தப் படங்கள் காதை நம்பி எடுத்தவையே இல்லை. நடுநடுவே வருகிற ஆங்கில எழுத்தை நீங்கள் ஒரு தாளில் தமிழில் எழுதி வைத்துக் காட்டினால் போதும். பாதிப் படத்துக்கு அதுவும் தேவைப்படாது.

முதலில் சாப்ளினின் 'தி பான்ஷாப்' போடுங்கள், 1916-ல் வந்தது. அடகுக் கடையில் சாப்ளின் வேலைக்காரன். ஒருவர் அலாரம் கடிகாரம் ஒன்றை அடகு வைக்க வருகிறார். சாப்ளின் அதை வாங்கி, டாக்டர் மாதிரி ஸ்டெதாஸ்கோப் வைத்துக் கேட்பார். விரலால் தட்டிப் பார்ப்பார். துளை போடுவார். டின் திறக்கிற கத்தியால் மூடியை அறுத்துத் திறந்து, கெட்டுப்போன மீன் டப்பாவைப் போல மோந்து பார்த்து முகம் சுளிப்பார். உள்ளே இருக்கிற ஸ்பிரிங்கை இழுத்து, துணிக்கடைக்காரர் முழம் போடுவதுபோல அளப்பார். மேசைமேல் கொட்டிய சாமான்கள் புழு மாதிரி நெளியும், எண்ணெய் விட்டு அடக்குவார். கடைசியில் எல்லாவற்றையும் வழித்து அந்த மனிதரின் தொப்பியிலேயே போட்டு, வேண்டாம் என்று தலையாட்டித் திருப்பிக் கொடுத்துவிடுவார். அந்த ஆள் வாயைத் திறக்காமல் நின்றுகொண்டிருப்பார். ஆயுசு முழுக்க 'லூப்' என்ற சின்னப் பூதக்கண்ணாடியைக் கண்ணில் செருகிக்கொண்டு கடிகாரத்துக்குள் பார்த்தவருக்கு, நமக்குத் தெரியாத நாலு சிரிப்பு அந்தக் காட்சியில் இருக்கும்.

அது பிடித்தால் மறுநாள் 'ஒன் வீக்'. ஒரே நாளில் இரண்டு வேண்டாம். அவரைத் தனியாக உட்காரவைக்க வேண்டாம், பேரப்பிள்ளைகள் பக்கத்தில் இருக்கட்டும். அவர்கள் சிரிப்பது கேட்காவிட்டாலும் குலுங்குவது தெரியும். 4:3 வைக்க மறக்காதீர்கள். பார்த்த பிறகு, கடிகாரக் காட்சியில் அவர் முதலில் சிரித்தது எந்த இடத்தில் என்று எனக்கு எழுதுங்கள். ஸ்டெதாஸ்கோப்பிலா, ஸ்பிரிங்கிலா?